அன்று ஊரில் இல்லை

"எதையாவது வெட்டு யூரிட்! வெட்டிட்டு என் மூணு வரியைப் போடு!"

சொந்தமில்லாவிட்டாலும் ஊரே அத்தை என்று கூப்பிடும் தூர்குன், குடையைக்கூட மடக்காமல் மேஜை முன்னால் நின்றாள். ஜன்னலுக்கு வெளியே கடலும் மலையும் மூடுபனியில் கரைந்து, அக்கரை என்று ஒன்று இருப்பதே சந்தேகமாக இருந்தது.

"பக்கம் முடிச்சாச்சு அத்தை. அரை மணியில பிரஸ்ஸுக்கு அனுப்பணும். போன வாரமே வந்திருக்கலாமில்ல?"

"மறந்துட்டேன். எண்பது வயசாகப் போகுது, மறக்காதா?"

ஹெல்லவோக் ஊரில் எண்பதாவது பிறந்தநாள் என்றால் சும்மா இல்லை. 'ஹெல்லவோக் செய்தி'யில் படம் போடுவார்கள். அன்று காலையிலிருந்து யார் வேண்டுமானாலும் வீட்டுக்கு வரலாம், எல்லோருக்கும் கேக்கும் காபியும் கொடுத்தாக வேண்டும். அதெல்லாம் வேண்டாம் என்பவர்கள் 'அன்று ஊரில் இல்லை' என்று முன்கூட்டியே விளம்பரம் கொடுத்துவிடுவார்கள். திரைச்சீலையை இழுத்துவிட்டு உள்ளேதான் இருக்கிறார்கள் என்று ஊருக்கே தெரியும். ஆனாலும் ஒருத்தரும் கதவைத் தட்ட மாட்டார்கள். பத்திரிகையில் வந்ததாயிற்றே!

ஆசிரியர் யூரிட், பத்திரிகையின் நூறு வருஷக் கதையை எழுதிக்கொண்டிருந்தாள். மேஜை முழுக்கப் பழைய தொகுப்புகள்.

"உங்க அம்பதுக்கும் இதே மூணு வரி. அறுபதுக்கும் எழுபதுக்கும் அதே மூணு வரி. எல்லாத்தையும் பார்த்துட்டேன். சனிக்கிழமை பாட்டுக்குழு வந்து பாடினா என்ன? கடிச்சா வைப்பாங்க?"

"பாடினா பரவாயில்லடி. பாடிட்டு சாயங்காலம் வரைக்கும் உக்காந்துடுவாங்க."

"தனியா இருந்து என்ன பண்ணப் போறீங்க?"

"யார்கிட்ட வேணா சொல்லுவேன். உன்கிட்ட மட்டும் சொல்ல மாட்டேன்."

"பத்திரிகைக்காரின்னு பயமா?" யூரிட் சிரித்தாள்.

அத்தை சிரிக்கவில்லை. மூணு வரி எழுதிய தாளை யூரிட் பக்கம் தள்ளினாள். "இது வரலேன்னா எனக்கு அந்த நாளே இல்லம்மா."

யூரிட்டுக்கு மனசு இளகிவிட்டது. தன் கட்டுரையைத் திரையில் திறந்தாள். நூறு வருஷத்தில் எந்த மூன்று வரியை எடுப்பது? போர்க்காலத்தில் பத்திரிகையை இழுத்து மூடியதை எடுக்க முடியாது. முதல் அச்சு இயந்திரத்தைப் படகிலிருந்து இறக்கும்போது அதோடு கடலில் விழுந்த ஆசிரியரையும் எடுக்க முடியாது. வாசகர்கள் சும்மா விடமாட்டார்கள்.

"எங்க அப்பாவைப் பத்தி சரியா மூணு வரி இருக்கு. முப்பது வருஷம் இங்க அச்சுக் கோத்தவராச்சே. அதை எடுத்துடறேன். பாவம், நான் சின்னப் பொண்ணா இருக்கும்போதே அம்மா போயிட்டாங்க. அதுலேர்ந்து அக்கரையில ஒத்தையாவே காலத்தை ஓட்டிட்டார். பேப்பர்ல தன் பேர் வரும்னு ஆசையாக் காத்திட்டிருக்கார்."

"அதெல்லாம் கோவிச்சுக்க மாட்டார், நீ எடு" என்றாள் அத்தை சட்டென்று.

வியாழக்கிழமை பத்திரிகை வந்தது. சனிக்கிழமையும் பனி விலகவில்லை. தெருவில் போனவர்கள் அத்தை வீட்டைத் தாண்டும்போது மட்டும் குரலைத் தாழ்த்திக்கொண்டு, கனவில் நடப்பதுபோல் மெத்தென்று நடந்தார்கள். இழுத்துவிட்ட திரைச்சீலையை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

யூரிட்டுக்குத்தான் மனசு கேட்கவில்லை. எண்பது முடிகிற அன்றைக்கு ஒரு மனுஷி தனியாகவா இருப்பாள்? சின்னதாக ஒரு கிரீம் கேக்கை எடுத்துக்கொண்டு கடலோரமாகச் சுற்றிப் போனாள். பின்வாசல் படியில் வைத்துவிட்டு ஓடிவந்துவிடலாம்.

படியை நெருங்கும்போது, உள்ளே இரண்டு பேர் சிரிக்கும் சத்தம் கேட்டது.

கேக்கும் கையுமாகத் திரும்பிப் பார்த்தாள். அத்தை வீட்டுத் துறையில் ஒரு படகு கட்டியிருந்தது. பனிக்குள் கண்ணை இடுக்கி, அதன் முகப்பில் நீலச் சாயத்தில் எழுதியிருந்ததைப் படித்தாள்: 'யூரிட்'. அவள் பிறந்த அன்று அப்பா தன் கையால் எழுதிய பெயர்.