கிப்ரோனோ சிரித்தார்

"யாரைக் கேட்டு இங்க மைக் புடிச்சுக் கத்துற? இறங்கு கீழ!"

நகராட்சி லாரியிலிருந்து குதித்த அதிகாரி கிப்ரோனோ தடியை ஓங்கினார். பின்னால் ஒன்பது காவலர்கள். அந்தச் சிற்றூரின் மினிபஸ் நிலையத்தில் சோடாப் பெட்டி மேல் நின்ற கெமுன்டோவைச் சுற்றியிருந்த கூட்டம் கப்சிப்பென்று அடங்கியது.

ஐந்து வருடமாக நைரோபி மேடைகளில் சிரிக்க வைப்பதுதான் அவள் பிழைப்பு. கூட்டம் கைநழுவும் நொடி அவளுக்குத் தெரியும். இப்போது எல்லார் கண்ணும் தடி மேல்தான் இருந்தது.

"இறங்குறேன் ஐயா. உங்க தொப்பைக்குச் சட்டைப் பொத்தான் தெறிச்சு என் கண்ணுல படாதுன்னா இறங்குறேன்."

எங்கோ ஒரு சிரிப்பு வெடித்து அமுங்கியது.

"ஏ பொண்ணு! நான் யாருன்னு தெரியுமா?"

"தெரியாம என்ன? உகாலிக் களி கிண்டச் சொன்னா 'நான் ஆபீசர்'னு உறுமுவீங்க. வீட்டம்மா துடுப்பைத் தூக்கினதும் 'குடும்மா, நானே கிண்டுறேன்'பீங்க. அந்த வீரர்தானே?"

களுக்கென்று ஒரு காவலர் சிரித்துவிட்டார். கிப்ரோனோ விருட்டென்று திரும்பினார்.

"எவன்டா அது?"

"அந்த ஒல்லி அண்ணனுக்கு ஒரு கைதட்டு குடுங்க!" என்றாள் கெமுன்டோ. "நாளையிலேருந்து அவருக்குக் கழிப்பறை டூட்டி!"

நிலையமே அதிர்ந்தது. அந்த ஒல்லிக் காவலரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டார். கிப்ரோனோவின் மீசை துடித்தது, உதடு பிரிந்தது. அடக்க முடியாமல் அவரும் சிரித்தார்.

கூட்டம் அவள் கைக்கு வந்துவிட்டது. இன்னொரு பெட்டியைத் தள்ளிவிட்டாள். அவர் உட்கார்ந்தார். தடி தரைக்குப் போனது.

"மாமியாரைப் பத்தி ஒண்ணு சொல்லு பாப்போம்!" என்று அவரே கேட்டார்.

சொன்னாள். ஒன்றல்ல, ஒன்பது. அரைமணி நேரம் ஓடியது.

"போதும்மா, விலா வலிக்குது!" கிப்ரோனோ கண்ணைத் துடைத்தபடி எழுந்தார். "உன்னை விட்டுடறேன். டேய், வந்த வேலையைப் பாருங்க. பின்தெருவுல அனுமதியில்லாம கடை போட்டிருக்கிற நாற்பது பொம்பளைங்க கூடையை ஒண்ணு விடாம லாரியில ஏத்துங்க!"

ஓடிய காவலர்கள் வெறுங்கையோடு திரும்பினார்கள். தெருவில் நாற்பது பெண்களும் இல்லை, ஒரு தக்காளிகூட இல்லை.

லாரி வரும் நாள் தெரிந்து, அந்த நாற்பது பேரும் சேர்ந்து நைரோபியிலிருந்து வரவழைத்திருந்த கெமுன்டோ, பெட்டி மேல் நின்றபடியே குனிந்து வணக்கம் சொன்னாள்.