சுகுணாவின் குரல்

மிளகுக்கொடிகளின் நடுவே சலித்த மாவுபோல வெயில் இறங்குகிறது. சின்னப் படங்களில் நடித்தே நாற்பதைத் தொட்டுவிட்டவள் சுகுணா. அவள் பேயாக வந்த படத்தைச் சிலர் இன்றும் தேடிப் பார்க்கிறார்கள். ஆனால் பிறந்த ஊரான சேந்தமங்கலத்துப் பேச்சு போகவில்லை என்று எல்லாப் படத்திலும் வேறொருத்திதான் அவளுக்குக் குரல் கொடுத்திருக்கிறாள். இந்தப் படத்தில் நேரடி ஒலிப்பதிவு. “வாய்ஸ் செட் ஆகலைன்னா டப்பிங்தான் அக்கா” என்று காலையிலேயே சொல்லிவிட்டான் இயக்குநர் பிரேம். கேமரா ஓடுகிறது. வாசலில் மிளகு காயவைக்கும் பாப்பாயி நடிகையல்ல, படம் எடுக்கும் அந்த வீட்டுக்காரியேதான்; காட்சிப்படி, தங்க இடம் கேட்பவளுக்கு அவள் தலையை ஆட்டி மறுத்தால் போதும். “ஏனுங்க, இன்னிக்கு ஒரு ராத்திரி இங்க தங்கிக்கட்டுங்களா?” என்கிறாள் சுகுணா. மிளகைத் துழாவும் கை நிற்கிறது. “இதென்ன கேள்வி கண்ணு? ஊட்டுக்குள்ள வா. மூஞ்சி வாடிக் கெடக்குது, கஞ்சி குடிச்சியா?” பாப்பாயி மிளகுப் பாயை இழுத்து வழிவிடுகிறாள். யாரோ சிரிப்பை அடக்குகிறார்கள். ‘கட்’ சொல்லத் திறந்த வாயைப் பிரேம் மெல்ல மூடிக்கொள்கிறான். ஒலிப்பதிவாளர் கண்களை மூடி, ஹெட்போனைக் காதோடு அழுத்திக்கொள்கிறார். சுகுணா செருப்பைக் கழற்றுகிறாள். “வாரேனுங்க” என்கிறாள், யாரும் எழுதித் தராத சொல்லை, தன் குரலில்.