உதட்டோரத்துப் புள்ளிகள்

காலை மணி பத்தேகால். கால்வாயின் மேல் இளவெயிலும் தூறலும் சேர்ந்தே இறங்கின. டச்சு நகரமொன்றில், கண்ணாடியில் உருவங்கள் பொறிக்கும் பெட்ரோனெல்லா, வைரமுனை பதித்த கோலால் ஒரு மதுக்கோப்பையைத் தட்டிக்கொண்டிருந்தாள். ஆயிரமாயிரம் நுண்புள்ளிகளால் மேயரின் முகம் உருவாகிக்கொண்டிருந்தது. அவர் சிரித்து ஊரில் யாரும் கண்டதில்லை.

“ஐயோ அக்கா, கூசுகிறது!” என்று நெளிந்தது கோப்பை.

“அசையாதேடி! கண்ணாடியில் வைத்த புள்ளியை அழிக்க முடியாது. படம் கெட்டால் உன்னை உடைத்துக் குப்பையில் கொட்டிவிடுவார்கள்” என்றது வைரமுனை.

“அவருடைய மூக்கைப் பொறிக்கும்போது நீ மட்டும் குலுங்கவில்லையா?”

“அது... மூக்கு கொஞ்சம் அதிகப்படி நீளம்” என்ற வைரமுனைக்கும் சிரிப்புப் பொத்துக்கொண்டு வந்தது. கோப்பை கிணுகிணுவென்று அதிர்ந்தது. மூன்று புள்ளிகள் துள்ளிப்போய் உதட்டோரத்தில் விழுந்தன. மேயர் புன்னகைத்தார்!

பெட்ரோனெல்லா தலையில் கைவைத்துக்கொண்டாள்.

அன்று மாலை விருந்தில் மேயர் கோப்பையை உயர்த்திப் பார்த்தார். கோப்பை மூச்சை அடக்கிக்கொண்டது.

“யார் இந்த ஆள்?” என்றார்.

“நீங்கள்தான். நம் கல்யாணத்தன்று இப்படித்தான் இருந்தீர்கள்” என்றாள் அவர் மனைவி.

மேயர் கோப்பையை வேறு எவர் கையிலும் கொடுக்கவில்லை.

மறுநாள் காலையில் பெட்ரோனெல்லா ஒரு நீதிபதியின் முகத்தைப் பொறிக்க உட்கார்ந்தாள். வைரமுனை அவருடைய மூக்கின் பக்கமே திரும்ப மறுத்தது. கோப்பை மேயர் வீட்டு அலமாரியில் வெயில் காய்ந்தது. மேயர் அறையைத் தாழிட்டுக்கொண்டு, நிலைக்கண்ணாடி முன் நின்று, உதட்டோரத்தை ஒரு விரலால் மெல்ல மேலே தூக்கிப் பார்த்தார்.