மூன்றாவது பட்டை

"மூணாவது பட்டையைப் பிரிச்சிரு" என்று சொல்லி, சட்டையைத் தையல் மெஷின் மேல் வைத்தார் கணவர்.

மெஷின் அக்காவின் கால் மிதியிலேயே நின்றுவிட்டது.

ராணுவக் குடியிருப்பில் எல்லோரும் அவளை அப்படித்தான் கூப்பிடுவார்கள். அங்கே யாருக்குப் பதவி உயர்ந்தாலும், சட்டையின் வலது கையில் அந்த வளைந்த பட்டையைத் தைப்பது அவள்தான். தைத்துத்தான் பழக்கம். பிரித்துப் பழக்கமில்லை. அதுவும் சொந்தப் புருஷன் சட்டையில்!

"எதுக்குப் பிரிக்கணும்?"

"சார்ஜென்ட் பதவியை எடுத்துட்டாங்க. நாளைக்கு அணிவகுப்புக்கு ரெண்டு பட்டையோடதான் போகணும்."

"அதான் எதுக்குன்னு கேக்கறேன்."

"போன வாரம் ராத்திரிக் காவல்ல தூங்கிட்டேன்."

அவளுக்குச் சிரிப்புதான் வந்தது.

"யாரு, நீங்களா? அடுப்படியில எலி நடந்தா எழுந்து உட்கார்ற மனுஷன், துப்பாக்கியைக் கையில வச்சுக்கிட்டுத் தூங்கினீங்களா? காதுல பூ சுத்தாதீங்க."

"தூங்கினேன்னு அதிகாரிகிட்ட ஒத்துக்கிட்டாச்சு. பிரிச்சிரு."

தொப்பியைச் சரித்து மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார். அதற்கு மேல் அவர் வாயிலிருந்து ஒரு சொல் பிடுங்க முடியாது.

எந்த நாட்டுப் பட்டாளத்திலும் இது ஒரே கதைதான். பட்டை ஏறினால் மேடை போட்டுச் சொல்வார்கள். இறங்கினால் யாரும் சொல்லவே வேண்டாம், குழாயடிக்குத் தானாகத் தெரிந்துவிடும். அன்றைக்கும் தெரிந்துவிட்டது.

"என்ன மெஷின் அக்கா, சார்ஜென்ட் முழிச்சிட்டாரா?" என்றாள் ஒருத்தி. மற்றவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.

பாதிக் குடத்தோடு திரும்பி வந்தாள். வரும் வழியிலேயே முடிவு பண்ணிவிட்டாள்.

நாளைக் காலை, அணிவகுப்புக்கு முன்னால், நேரே பெரிய அதிகாரியிடம் போவது. 'இந்த மனுஷன் தூங்கியிருக்கவே மாட்டார், மறுபடி விசாரிங்க' என்று கேட்பது. அவர் கதவைச் சாத்தினால் வாசலிலேயே உட்கார்ந்துவிடுவது. அந்தப் பட்டை திரும்பி வராமல் அவளும் திரும்பி வருவதாக இல்லை.

சட்டையைத் தொடாமல் மெஷினுக்குப் பக்கத்திலேயே வைத்தாள்.

அப்போதுதான் எதிர் வீட்டுக்காரி வந்தாள். இடுப்பில் குழந்தை, கையில் அவள் கணவனின் சட்டை, அதன்மேல் பளபளவென்று ஒரு புதுப் பட்டை.

"அக்கா... இவருக்கு சார்ஜென்ட் ஆயிடுச்சு. நாளைக்கு அணிவகுப்புல அறிவிக்கறாங்க. மூணாவது பட்டை தைக்கணும்."

வெந்த புண்ணில் வேலைப் பாய்ச்சினது போல இருந்தது.

"வச்சிட்டுப் போ."

அவள் போகவில்லை. "அண்ணனுக்கு இப்படி ஆன நேரத்துல இதைக் கொண்டு வர எனக்கே கூச்சமா இருந்துச்சு அக்கா. அண்ணன்தான் இவர்கிட்ட, 'அக்காகிட்டயே குடு தம்பி'ன்னு சொன்னாராம்."

சொல்வார், சொல்வார். ஊருக்கெல்லாம் வாரி வழங்குவார்.

வந்தவளை முறைத்துக்கொண்டே எவ்வளவு நேரம் இருப்பது? "குழந்தைக்கு எப்படி இருக்கு?" என்று கேட்டு வைத்தாள்.

"இப்பதான் காய்ச்சல் விட்டுச்சு. போன வாரம் பூரா நாங்க ரெண்டு பேரும் கண்ணையே மூடலை அக்கா. ஆஸ்பத்திரியில இருந்து நேரா ராத்திரிக் காவலுக்குப் போனார். நின்ன இடத்துலயே விழுந்துடுவாரோன்னு எனக்கு பயம். ஆனா காலையில தெளிவாத்தான் வந்தார். கன்னத்துல மட்டும் கட்டம் கட்டமா ஏதோ அச்சு. கேட்டா, மணல் மூட்டையில உரசிடுச்சுன்னார்."

மெஷின் அக்கா நிமிர்ந்தாள்.

"எந்த ராத்திரி?"

"அதான் அக்கா... அண்ணனுக்கு அப்படி ஆன அன்னிக்கு. அண்ணன்தானே அன்னிக்குக் காவலுக்குத் தலைவர்."

உரசினால் கீறல் விழும். சாக்கின் நெசவு அப்படியே கன்னத்தில் பதிய வேண்டுமானால், அதன்மேல் தலையை வைத்து நன்றாகத் தூங்கியிருக்க வேண்டும். நாளெல்லாம் துணியோடு மாரடிக்கிறவளுக்கு இது தெரியாதா?

எதிர் வீட்டுக்காரிக்குத் தெரியவில்லை. ஈரமான கண்ணோடு குழந்தையின் நெற்றியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பாவி மனுஷா, என்னிடமாவது சொல்லியிருக்கலாமே என்று கணவரை மனசுக்குள் திட்டினாள்.

அதிகாரியிடம் சொல்ல இப்போது ஒரு வார்த்தை போதும். கணவர் பட்டை கணவருக்கே திரும்பிவிடும். எதிர் வீட்டுச் சட்டைக்கு மூன்றாவது பட்டை இருக்காது. இருக்கிற இரண்டும்கூடப் போனாலும் போகும்.

குழந்தை கையை நீட்டி அந்தப் புதுப் பட்டையைப் பிடித்து இழுத்தது.

மெஷின் அக்கா பிளேடை எடுத்தாள். கணவர் சட்டையிலிருந்து மூன்றாவது பட்டையை ஒவ்வொரு தையலாக, நூல் சிதறாமல் பிரித்தாள். பட்டை இருந்த இடத்துத் துணி மட்டும் வெளுக்காமல் கரும்பச்சையாக நின்றது. அதைக் கையால் ஒரு தடவை நீவிவிட்டாள்.

பிறகு, பிரித்த பட்டையை எதிர் வீட்டுச் சட்டையின் கையில் வைத்து மெஷினை மிதிக்கத் தொடங்கினாள்.

"அக்கா, புதுசு இருக்கே! பழசைத் தைக்கறீங்க?"

"புதுசு இங்கயே இருக்கட்டும். எங்க வீட்டுக்கும் சீக்கிரமே வேண்டியிருக்கும்."

நூலைப் பல்லால் கடித்து அறுத்து, சட்டையை மடித்து அவள் கையில் கொடுத்தாள்.

"உன் வீட்டுக்காரர் இதையே போட்டுக்கட்டும். அண்ணன் சட்டையில இருந்து பிரிச்சதுன்னு சொல்லு. இது கையில இருக்கிற வரைக்கும், காவல்ல அவருக்குத் தூக்கமே வராது."