துணிக்குள் இருந்தவள்

இந்தத் துணியைப் போர்த்திக்கொண்டால் லெட்டிக்கு என்னை எப்படி அடையாளம் தெரியும்? கெசியா மனதுக்குள் கேட்டுக்கொண்டாள். துரைசானியின் கைக்குழந்தை அவள் மடியில் நெளிந்தது. படம் எடுத்து முடிக்கும்வரை குழந்தை அசையாமலிருக்க ஒருத்தி பிடித்துக்கொள்ள வேண்டும். பிடிக்கிறவள் படத்தில் தெரியக் கூடாது. அதற்குத்தான் கறுப்புத் துணி. துரைசானியின் மூத்த பையனையும் இப்படித்தான் பிடித்திருந்தாள். அந்தப் படம் இன்னும் கூடத்துச் சுவரில் தொங்குகிறது, கறுத்த குன்றின்மேல் சிரிக்கும் வெள்ளைக் குழந்தையாக. குன்றுக்குள் அவள் அழுதுகொண்டிருந்தாள். அவள் மகள் லெட்டியை அந்த மாதம்தான் விற்றிருந்தார்கள்.

இப்போது ஜார்ஜியாவில் அடிமைகள் இல்லை. விற்கப்பட்ட பிள்ளைகள் தாயைத் தேடி ஊர் ஊராக நடக்கிறார்கள். படக்காரரோ நல்ல படங்களைத் தன் கடையில் தெருவைப் பார்த்த கண்ணாடிக்குள் வைப்பார். விற்றபோது லெட்டிக்கு ஒன்பது வயது. அம்மாவின் முகம் மறந்திருக்காது.

“சீக்கிரம் போத்திக்கோ கெசியா, வெளிச்சம் போயிடும்” என்றாள் துரைசானி.

கெசியா துணியை மடித்து நாற்காலிக்கு அடியில் வைத்தாள்.

படக்காரர் சிரித்தார். “அடேயப்பா! உன் மூஞ்சியை யாரு பாக்கப்போறா?”

“பாக்க ஆள் இருக்கு, ஐயா.”

“போத்திக்கோ. இல்லேன்னா நாளையிலேருந்து வேலைக்கு வராதே” என்றாள் துரைசானி.

கெசியா குழந்தையை நெஞ்சோடு அணைத்து நிமிர்ந்து உட்கார்ந்தாள். அது நெளிவதை நிறுத்தியது.

“துணி வேண்டாம்மா” என்றாள், கேமராவிலிருந்து கண்ணை எடுக்காமல்.