ரெண்டு கோட் பெயின்ட்

எங்கள் கிளப் மைதானத்தில், உட்கார்ந்து ஓட்டும் புல்வெட்டி மெஷினுக்குப் பிச்சைக்கனி அண்ணாச்சிதான் டிரைவர். நான் தோட்டக்காரன். தினமும் வேலை முடிந்ததும் மெஷினைச் சாய்த்து, அடியில் அப்பியிருக்கும் புல்லை அவரே சுரண்டுவார். ஒரு மூலையில் மட்டும் சுரண்டும் தகட்டைப் படவிடமாட்டார். துணியால் ஒற்றி எடுப்பார். பெயின்ட் பிசிறிக் கிடந்த இடம் அது.

"அங்க துரு ஏறுது, கேட்டியா? திங்கக்கிழமையும் இப்படியே கிடந்தா உனக்கு வேலை இல்ல" என்று ஒருநாள் சூப்பர்வைசர் அழகியநம்பி அவரிடம் கத்தினார்.

மறுநாள் அண்ணாச்சி, மனைவி மாடத்திக்குத் தலைத்திவசம் கொடுக்க ஊருக்குப் போய்விட்டார். அவர் வேலையைக் காப்பாற்ற வேண்டுமே! மெஷின் தப்பித்தவறி ஓடிவிடாமல் பிளக் ஒயரைக் கழற்றிவிட்டு, அந்த மூலையைப் பளபளவென்று சுரண்டி, துரு ஏறாத ரெட் ஆக்சைடு பெயின்ட் ரெண்டு கோட் அடித்தேன்.

திங்கள் காலை, சாலைக் கடைத்தெரு ஸ்டூடியோக்காரர் ஒருவரோடு வந்து நின்றார் அண்ணாச்சி.

"மெஷினையா போட்டோ எடுக்கப் போறீய?"

"ஆமாடே மைதீன். அடிப்பக்கத்த. சாய்ச்சுப் பிடி."

பெருமையோடு சாய்த்தேன். குனிந்தவர் வெகுநேரம் நிமிரவில்லை.

"போன தடவை நான் பெயின்ட் அடிக்கையில, சோறு கொண்டாந்த மாடத்திதான் மெஷினைத் தாங்கிப் பிடிச்சா. ஈரத்துல அவ கை அஞ்சு விரலோட பதிஞ்சிட்டு. அவளுக்குன்னு ஒரு போட்டோ கிடையாதுடே. திவசத்துக்கு வெறுஞ்சுவத்தைத்தான் கும்பிட்டேன். அதான், இந்தக் கையையாவது..."

ஸ்டூடியோக்காரர் காமிராவை மூடினார்.

அண்ணாச்சி புதுப் பெயின்டை ஒருமுறை தடவிப் பார்த்தார்.

"நல்லா வழவழன்னு அடிச்சிருக்கடே" என்றார்.