வாய்தாவுக்கு வராதவன்

வக்கீல் சேஷாத்ரி, தங்கச் சுரங்கத் தொழிலாளர்கள் குடியிருக்கும் ஆண்டர்சன்பேட்டைக்கே வந்து சத்தம் போட்டார்.

"ஜாமீன்ல இருந்தும் மூணு வாய்தாவுக்கு நீ வரலை. அப்பீலைத் தள்ளிட்டாங்க. இனி ஆறு மாசம் ஜெயில்தான். குடிச்சுட்டுக் கெடந்தியா?"

"இல்ல சாமி," என்றான் எல்லப்பன்.

"தங்கக்கல்லு உன் குடிசையில கெடைச்சா, நீதான் திருடன்னு ஆயிடுமா? அது காணாமப்போன நேரத்துல நீ பூமிக்கடியில, ஷாஃப்டுக்குள்ள இருந்தே. மேஸ்திரியே சாட்சி சொல்றேன்னார். ஜெயிச்சிருப்போமேயா!"

"அதுக்குத்தான் சாமி வர்ல. நான் எடுக்கலன்னு ஆயிட்டா, வேற யாருன்னு தேடுவாங்கல்ல?"

வக்கீல் குடிசைக்குள் பார்த்தார். சுரங்கத்துக்கு மேலே கல் பொறுக்கும் வேலைக்குப் போகிற அவன் மனைவி குப்பம்மா, பச்சைக் குழந்தையை அணைத்தபடி விசும்பிக்கொண்டிருந்தாள்.

"அழுவாத குப்பு," என்றான் எல்லப்பன். "புள்ளைக்கு நானா பால் குடுக்க முடியும்?"